கோவையிலிருந்து பிரெட்டன் வுட்ஸ் வரை: ஆர்.கே. சண்முகம் செட்டியார்

மலர்க் குழு நண்பர்கள் போன் செய்து, ஹாஸ்டல் நினைவுகள் நாலு பக்கம் எழுதித் தாப்பா என்றார்கள். ஹாஸ்டல் நினைவுகளை எழுத என்னைவிடத் தகுதியானவர்கள் நம் பேட்ச்சிலேயே பத்துப் பேர் இருக்கிறார்கள். அதிலும் பாதியை அச்சில் ஏற்ற முடியாது. அதனால் வேறொரு பழைய கடனைத் தீர்த்துக்கொள்ள இந்தப் பக்கங்களைக் கேட்டு வாங்கிக்கொண்டேன்.

கடன் இதுதான். மூன்றாம் ஆண்டு படிக்கும்போது ஆண்டு விழா வினாடி வினாவில் எங்கள் சிவில் டிபார்ட்மெண்ட் இறுதிச் சுற்று வரை வந்துவிட்டது. கடைசிக் கேள்வி, சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர் யார் என்பது. நான் முந்திக்கொண்டு பஸ்ஸரை அமுக்கி, ஜான் மத்தாய் என்றேன். கோப்பை மெக்கானிக்கல் பக்கம் போய்விட்டது. சரியான விடை ஆர்.கே. சண்முகம் செட்டியார். நம் கோயம்புத்தூர்க்காரர். தமிழ்நாட்டு எல்லையை ஒட்டின கரையாம்புத்தூரில் பிறந்து, தமிழில் பேசி, தமிழில் சண்டை போட்டு வளர்ந்த எனக்கு அந்தப் பெயர் தெரியவில்லை. அன்று ராத்திரி மெஸ்ஸில் வாங்கின வசவு இன்னும் காதில் இருக்கிறது.

பிறகு வேலை நிமித்தமாக ஒன்றரை வருடம் கொச்சியில் இருந்தேன். எர்ணாகுளத்தில் காயலை ஒட்டிப் போகும் முக்கியமான சாலை ஒன்றின் பெயர் சண்முகம் ரோடு. தினமும் அதில்தான் பஸ் பிடிப்பேன். யாரோ உள்ளூர் சண்முகம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கூட வேலை பார்த்த மலையாளி நண்பர் ஒருவர்தான், அது கொச்சி சமஸ்தானத்தின் திவானாக இருந்த உங்கள் ஊர் செட்டியாரப்பா என்று சொன்னார். என் கோப்பையைப் பறித்த அதே ஆள்! அன்றிலிருந்து அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படிக்க ஆரம்பித்தேன்.

1892-ம் வருடம் அக்டோபர் 17-ம் தேதி கோயம்புத்தூரில் பிறந்தார். வியாபாரக் குடும்பம். சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் படித்துவிட்டு, சென்னை சட்டக் கல்லூரியில் வக்கீல் படிப்பை முடித்தார். ஆனால் கருப்புக் கோட்டு அவரை நெடுநாள் பிடித்து வைக்கவில்லை. ஊருக்குத் திரும்பிக் குடும்பத் தொழிலோடு பொது வாழ்க்கையையும் சேர்த்துக்கொண்டார். 1917-ல் நகரசபை உறுப்பினர், பிறகு அதன் துணைத் தலைவர். 1920-ல் சென்னை சட்டசபை. முதலில் நீதிக் கட்சி, அப்புறம் சுயராஜ்யக் கட்சி, அந்தக் கட்சியின் சார்பில் டெல்லி மத்திய சட்டசபை. அங்கே கட்சிக் கொறடா. 1931-ல் சபையின் துணைத் தலைவர், 1933-ல் தலைவர். நாற்பது வயசுக்குள் இவ்வளவும். நமக்கெல்லாம் அந்த வயசில் வீட்டு லோனே முடிவதில்லை.

கட்சி மாறினார், வெள்ளைக்காரனுக்கு வேண்டியவர் என்று அவர்மீது குறை சொன்னவர்கள் அன்று நிறையப் பேர். சர் பட்டமும் வாங்கியவர்தான். நான் அதை மறைக்கவில்லை. ஆனால் அந்தக் குறையைச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொண்டால் அவரைப் புரிந்துகொள்ளவே முடியாது.

இந்த இடத்தில் எங்கள் ஊரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். புதுச்சேரி என்றால் கடற்கரையும் வெள்ளைச் சுவரும்தான் பலர் ஞாபகத்துக்கு வரும். பாகூர், வில்லியனூர், நெட்டப்பாக்கம் பக்கம் வந்து பாருங்கள். ஒரு ஊர் நம்முடையது, அடுத்த ஊர் தமிழ்நாடு, அதற்கடுத்தது திரும்ப நம்முடையது. பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தால் டவுன் போய்ச் சேர்வதற்குள் எத்தனை தடவை எல்லை தாண்டினோம் என்று எண்ண முடியாது. பிரெஞ்சுக்காரன் காலத்தில் இதே வரப்பு இரண்டு தேசங்களுக்கு நடுவே இருந்தது. பிரெஞ்சு இந்தியாவுக்கும் பிரிட்டிஷ் இந்தியாவுக்கும் 1941-ல் ஏற்பட்ட சுங்க ஒப்பந்தம் 1949-ல் முடிந்துபோனதும், ஊர்களைச் சுற்றி இந்திய சுங்கச் சாவடிகள் முளைத்தன. எங்கள் தாத்தா அப்போது சின்னப் பையன். உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குத் துணி மூட்டையோடு போனால்கூட அவிழ்த்துக் காட்ட வேண்டும் என்று கதை கதையாய்ச் சொல்வார். எல்லையில் இருக்கிறவனுக்கு ஒரு வழக்கம் உண்டு. இந்தப் பக்கத்து அதிகாரியிடமும் பேசியாக வேண்டும், அந்தப் பக்கத்து அதிகாரியிடமும் பேசியாக வேண்டும். இரண்டு பக்கமும் அவனை முழுசாக நம்பாது. சண்முகம் செட்டியாரின் வாழ்க்கையைப் படிக்கப் படிக்க எனக்குத் தாத்தா சொன்ன அந்த ஆட்கள்தான் ஞாபகத்துக்கு வந்தார்கள்.

முதல் அடி கனடாவில் விழுந்தது. 1932-ல் ஒட்டாவா நகரில் பிரிட்டிஷ் சாம்ராஜ்யப் பொருளாதார மாநாடு. உலகமே மந்தத்தில் கிடந்த நேரம். சர் அதுல் சட்டர்ஜி தலைமையில் போன இந்தியக் குழுவில் செட்டியாரும் ஒருவர். சாம்ராஜ்யத்துக்கு உட்பட்ட நாடுகள் ஒன்றின் சரக்குக்கு இன்னொன்று சலுகை வரி போடுவது என்பதுதான் பேச்சு. பிரிட்டன் நம் பொருளைச் சலுகையோடு வாங்கும், பதிலுக்கு அவர்கள் பொருளுக்கு நாம் சலுகை தர வேண்டும். சந்தையே படுத்துவிட்ட காலத்தில் கிடைக்கிற சந்தையை விடக்கூடாது என்பது அவர் கணக்கு. வெள்ளைக்காரன் தன் வசதிக்குப் போட்ட ஒப்பந்தத்தில் நம் ஆளே கையெழுத்துப் போடுவதா என்பது தேசியவாதிகளின் கோபம். இரண்டிலும் நியாயம் இருந்தது.

1934 தேர்தலில் அதற்குப் பில் வந்தது. சபைத் தலைவராக நாற்காலியில் இருந்தவரே தோற்றார். தோற்கடித்தவர் காங்கிரஸ் நிறுத்திய சாமி வெங்கடாசலம் செட்டியார். ஒட்டாவாவில் போட்ட கையெழுத்துதான் பிரசாரத்தில் பெரிசாக அடிபட்டது.

வேறொருவராக இருந்தால் மில்லைப் பார்த்துக்கொண்டு ஊரில் உட்கார்ந்திருப்பார். இவர் 1935-ல் கொச்சி திவானாகப் போனார். 1941 வரை ஆறு வருடம். சிவில்காரனாக இந்தப் பகுதியில் எனக்குக் கூடுதல் ருசி. கொச்சித் துறைமுகத்தை உண்டாக்கியவர் ராபர்ட் பிரிஸ்டோ என்ற என்ஜினியர். வாய்க்காலைத் தூர்வாரி எடுத்த மண்ணைக் கொட்டியே வில்லிங்டன் தீவை எழுப்பினார். தூர்வாருவதும் மண் கொட்டுவதும் நமக்குப் புரிகிற விஷயம். ஆனால் அந்தத் துறைமுகத்தில் மூன்று கை சேர்ந்திருந்தது: இந்திய அரசு, திருவிதாங்கூர், கொச்சி. வருமானத்தில் யாருக்கு எவ்வளவு, நிர்வாகம் யாரிடம் என்ற பேச்சு முடிந்தால்தான் மண் வெட்டிய உழைப்புக்குப் பலன். 1936-ல் அது பெரிய துறைமுகமாக அறிவிக்கப்பட்டபோது திவான் நாற்காலியில் இருந்தவர் இவர்தான். நம்மவர்கள் டிராயிங்கை மட்டும் பார்த்துவிட்டு, அதற்குப் பின்னால் இருக்கிற ஒப்பந்தத்தை வக்கீல் வேலை என்று ஒதுக்கிவிடுகிறோம். படிக்கிற தம்பி தங்கைகள் கவனிக்கவும். பிராஜெக்ட் நின்று போவது பெரும்பாலும் கான்கிரீட்டால் அல்ல.

1938-ல் கொச்சியில் மக்கள் தேர்ந்தெடுத்த சபைக்குப் பொறுப்பான ஒரு மந்திரியை நியமிக்கும் சட்டம் வந்தது. இந்திய சமஸ்தானங்களில் அப்படி நடந்தது அதுவே முதல் தடவை. அம்பாட்டு சிவராம மேனோன் அந்த மந்திரி. அதே வருடம் செட்டியார் சர்வதேச சங்கத்தின் கூட்டத்துக்கு இந்தியப் பிரதிநிதியாக ஜெனீவா போனார். அவருக்கு அந்த ஊர் புதிதல்ல. சர்வதேசத் தொழிலாளர் மாநாடுகளுக்கு முன்பே முதலாளிகள் தரப்பில் போய் வந்தவர். யுத்தம் தொடங்கிய பின் 1941-ல் அமெரிக்காவில் இந்தியாவுக்காகச் சரக்கு வாங்கும் குழுவின் தலைவராக அனுப்பப்பட்டார்.

இனி வருவதுதான் அவர் வாழ்க்கையில் எனக்கு மிகவும் பிடித்த மூன்று வாரங்கள்.

1944 ஜூலை. அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயர் மாநிலத்தில், மலையடிவாரத்தில் பிரெட்டன் வுட்ஸ் என்ற இடம். அங்கே ஒரு பெரிய ஹோட்டலில் 44 நாடுகள் கூடின. யுத்தம் முடிந்த பின் உலகத்தின் பண ஏற்பாடு எப்படி இருக்க வேண்டும் என்று முடிவு செய்வதற்காக. சர்வதேச நிதியம், உலக வங்கி இரண்டும் அங்கேதான் கருவாயின. பிரிட்டன் தரப்பில் கெய்ன்ஸ், அமெரிக்கத் தரப்பில் ஹாரி டெக்ஸ்டர் வைட். இந்தியாவுக்கு இன்னும் சுதந்திரம் இல்லை. குழுவின் தலைவர் சர் ஜெரமி ரெய்ஸ்மன், வைஸ்ராய் சபையின் நிதி உறுப்பினர், ஆங்கிலேயர். கூட தியோடர் கிரிகரி, அவரும் ஆங்கிலேயர். இந்தியர்கள் மூன்று பேர்: ரிசர்வ் வங்கி கவர்னர் சி.டி. தேஷ்முக், பம்பாய்த் தொழிலதிபர் ஏ.டி. ஷ்ராஃப், நம் சண்முகம் செட்டியார்.

நிலைமையை யோசித்துப் பாருங்கள். எதிர் வரிசையில் கடன்காரன் பிரிட்டன். நம் வரிசையின் தலைமையிலும் பிரிட்டன் ஆள். கடன் கொஞ்சநஞ்சமல்ல. யுத்த காலத்தில் இந்தியாவிலிருந்து பிரிட்டன் எடுத்துக்கொண்ட சரக்குக்கும் சேவைக்கும் ரொக்கம் தரவில்லை. லண்டனில் நம் கணக்கில் ஸ்டெர்லிங்காக எழுதி வைத்தது. யுத்தம் முடியும்போது அந்தத் தொகை ஏறக்குறைய 130 கோடி பவுனைத் தொட்டது. அன்றைய மதிப்பில் 1,700 கோடி ரூபாய்க்கு மேல். இங்கே அரிசிக்கும் துணிக்கும் ஆலாய்ப் பறந்து, வங்காளத்தில் பஞ்சத்தில் லட்சக்கணக்கில் செத்து, அங்கே சேர்ந்த பணம் அது. இந்தப் பணத்தில் ஒரு பகுதியையாவது டாலராக மாற்றிக்கொள்ள நிதியம் வழி செய்ய வேண்டும் என்று இந்தியக் குழு கேட்டது. கோடி டாலர் பாங்கில் கிடந்தும் டாக்ஸிக்குக் கொடுக்கக் கையில் காசில்லாதவன் கதைதான் எங்கள் கதை என்கிற மாதிரி ஷ்ராஃப் பேசினார். பிரிட்டனும் அமெரிக்காவும் மசியவில்லை. அது எங்களுக்குள் தீர்க்கவேண்டிய கணக்கு, மரியாதையாய்த் தீர்ப்போம் என்ற பொருளில் கெய்ன்ஸ் முடித்துவிட்டார்.

ஆனால் வெறுங்கையோடு திரும்பவில்லை. நிதியத்தின் நோக்கங்களைச் சொல்லும் முதல் பிரிவில், பின்தங்கிய நாடுகளின் வளர்ச்சியையும் சேர்க்க வேண்டும் என்று இந்தியா திருத்தம் கொண்டுவந்தது. செட்டியார் அதற்காக வாதாடினார். பணக்கார நாடுகளுக்கு இடையே வியாபாரம் பெருகினால் மட்டும் போதாது, ஏழை நாடுகள் பச்சைப் பொருளை விற்று முடிந்த பொருளை வாங்கிக்கொண்டே இருந்தால் அது என்ன சமநிலை என்பது வாதத்தின் சாரம். கேட்டபடியே வரவில்லை. கடைசியில் எல்லா உறுப்பு நாடுகளின் உற்பத்தி வளங்களையும் வளர்ப்பது என்று ஒரு சொற்றொடர் நுழைந்தது. எல்லா என்ற அந்த ஒரு சொல்லுக்காக எத்தனை மணி நேரம் போயிருக்கும்! அந்த மாநாட்டுப் பேச்சுகளின் பதிவுகள் வெகு காலம் கண்ணில் படாமல் கிடந்து 2012-ல்தான் புத்தகமாக வெளிவந்தன. சும்மா தலையாட்டிவிட்டு வந்த அடிமை நாட்டுக் குழு அல்ல என்பது அதைப் படித்தால் தெரியும்.

இன்னொரு சண்டை பங்குத் தொகை பற்றியது. சீனாவுக்கு 55 கோடி டாலர், இந்தியாவுக்கு 40 கோடி என்று ஆனது. நம்மவர்களுக்கு வருத்தம்தான். ஆனால் ரஷ்யா கடைசியில் நிதியத்தில் சேரவில்லை. அதனால் முதல் ஐந்து இடத்துக்குள் இந்தியா வந்து, இயக்குநர் குழுவில் தேர்தல் இல்லாமலே ஓர் இடம் கிடைத்தது. சுதந்திரத்துக்கு முன்பே! கொஞ்சம் அதிர்ஷ்டமும் வேண்டுமல்லவா.

1947 ஆகஸ்டில் நேரு அமைத்த மந்திரி சபையில் காங்கிரஸ்காரர் அல்லாதவர்களும் இருந்தார்கள். அம்பேத்கர், சியாம பிரசாத் முகர்ஜி, அவர்களோடு நிதிக்கு சண்முகம் செட்டியார். 1934-ல் காங்கிரஸ் தோற்கடித்த மனிதரையே காங்கிரஸ் பிரதமர் கூப்பிட்டு நாட்டின் கஜானாச் சாவியைக் கொடுத்தார். 1947 நவம்பர் 26-ம் தேதி அவர் தாக்கல் செய்ததுதான் சுதந்திர இந்தியாவின் முதல் பட்ஜெட். ஏழரை மாதத்துக்கான கணக்கு. வரவு 171.15 கோடி, செலவு 197.39 கோடி. செலவில் ஏறக்குறைய பாதி, 92.74 கோடி, ராணுவத்துக்கு. நாடு பிளந்து, அகதிகள் ரயில் ரயிலாய் வந்துகொண்டிருந்த நேரம். மேலே சொன்ன 1,700 கோடியை இந்த 197 கோடியோடு வைத்துப் பாருங்கள். லண்டனில் கிடந்த பணத்தின் கனம் அப்போதுதான் எனக்கு உறைத்தது.

அந்தக் கணக்கைப் பேசவே 1948-ல் லண்டன் போனார். ஜூலையில் உடன்பாடு ஏற்பட்டது. இந்தியாவில் பிரிட்டன் விட்டுப்போன ராணுவத் தளவாடங்களுக்கு 10 கோடி பவுன், ஆங்கிலேய அதிகாரிகளின் பென்ஷனுக்காக சுமார் 16.8 கோடி பவுன் என்று கழித்துக்கொண்டு, மீதியைக் கொஞ்சம் கொஞ்சமாக விடுவிப்பது என்று முடிவு. பழைய இரும்புக்கு இவ்வளவா என்று இங்கே முணுமுணுப்பு. அது அடங்குவதற்குள், ஆகஸ்டில் அவர் பதவியே போய்விட்டது.

யுத்த காலத்தில் கொள்ளை லாபம் சம்பாதித்து வரி ஏய்த்தவர்களை விசாரிக்க 1947-ல் ஒரு வருமான வரி விசாரணைக் கமிஷன் சட்டம் வந்திருந்தது. அந்தக் கமிஷனுக்கு அனுப்பிய பட்டியலிலிருந்து சில பெயர்கள் நீக்கப்பட்டன. சபையில் பிரச்சினை வெடித்தது. அதிகாரி செய்த தவறு என்று சொன்னவர்கள் உண்டு, வேண்டியவர்களைக் காப்பாற்றினார் என்று சொன்னவர்களும் உண்டு. இலாகா அவருடையது. பொறுப்பை ஏற்றுக்கொண்டு விலகினார். அவருக்குப் பின் அந்த நாற்காலிக்கு வந்தவர்தான் என்னுடைய ஜான் மத்தாய்.

இந்தப் பகுதியை எழுதும்போது பேனா கொஞ்சம் நின்றது. காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். நம் செட்டில் யாருக்கும் நான் இதைச் சொன்னதில்லை.

படித்து முடித்த இரண்டாம் வருடம், ஒரு காண்ட்ராக்ட் கம்பெனியில் சைட் என்ஜினியர். ஒரு சிறு பாலம். அஸ்திவாரக் குழியின் அளவை சூப்பர்வைசர் அண்ணன் எம்.புக்கில் எழுதிக் கொண்டுவந்தார். நான் டேப் பிடித்துச் சரிபார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். வெயில். ரூமிலேயே உட்கார்ந்து போட்டுவிட்டேன். பில் பாஸான பிறகு ஆழம் அதிகமாகக் காட்டியிருக்கிறது என்று கண்டுபிடித்தார்கள். மேலிருந்து வந்தவர் கேட்டபோது, அவர் எழுதியதை நம்பிப் போட்டேன் சார் என்றேன். பொய் இல்லை. ஆனால் சரிபார்த்தவர் என்ற இடத்தில் இருந்தது என் கையெழுத்து. அண்ணனை அடுத்த வாரம் நிறுத்திவிட்டார்கள். எனக்கு ஒரு மெமோ, அவ்வளவுதான். அவருக்கு இரண்டு பெண் குழந்தைகள். சாயங்காலம் டீ வாங்கித் தருவார், தம்பி என்றுதான் கூப்பிடுவார். போகும்போதும் என்னிடம் ஒரு வார்த்தை கோபமாகப் பேசவில்லை.

நிதியமைச்சரின் ராஜினாமாவையும் ஒரு பாலத்துக் குழியையும் ஒரே தட்டில் வைக்கிறேனே என்று சீனியர்கள் சிரிக்கலாம். பட்டியலைத் தயாரிப்பது யாரோ, கையெழுத்து யாருடையதோ அவரே பதில் சொல்ல வேண்டும் என்பதில் பெரிசு சின்னது இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. சண்முகம் செட்டியார் நிரபராதி என்று சான்றிதழ் கொடுக்க நான் இங்கே வரவில்லை. அவர் எழுந்து போனார். நான் உட்கார்ந்திருந்தேன்.

பதவி போன பின்பும் அவர் சும்மா இருக்கவில்லை. தமிழிசை இயக்கத்தில் முன்னால் நின்றவர்களில் ஒருவர் அவர். தமிழ்நாட்டு மேடையில் தமிழ்ப் பாட்டுக்கு இடம் கேட்டுப் போராட வேண்டியிருந்த காலம் அது. சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்துக்கு உரை எழுதினார். டாலரும் ஸ்டெர்லிங்கும் பேசின வாய்க்கு இளங்கோவடிகளும் தெரிந்திருந்தது. நமக்குப் பக்கத்துச் சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராகவும் சிறிது காலம் இருந்தார். தாத்தா காலத்து ஆட்கள் சிலர் கடலூரில் ரயில் ஏறி அங்கே படிக்கப் போனவர்கள். சுங்கச் சாவடியில் பையைத் திறந்து காட்டிவிட்டுத்தான் போயிருப்பார்கள்.

1953 மே 5-ம் தேதி காலமானார். வயசு அறுபதுதான். அடுத்த வருடம் அக்டோபர் 18-ம் தேதி, வில்லியனூருக்கு அந்தப் பக்கம் கீழூரில் 178 பிரதிநிதிகள் கூடி வாக்களித்தார்கள். இந்தியாவோடு சேர 170 பேர், வேண்டாம் என்று 8 பேர். நவம்பர் 1-ம் தேதி நிர்வாகம் கைமாறியது, எங்கள் ஊரைச் சுற்றியிருந்த சாவடிகளுக்கு வேலை இல்லாமல் போயிற்று. அதைப் பார்க்க அவர் இல்லை.

கொச்சிப் பக்கம் வேலையாக இருக்கும் நம் நண்பர்கள் சண்முகம் ரோட்டில் நடக்கும்போது எனக்கு ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்கள். நான் அங்கே இருந்த ஒன்றரை வருடத்தில் அந்தப் பெயர்ப் பலகையை ஒரு தடவைகூட எடுக்கவில்லை. மெக்கானிக்கல்காரர்களுக்கு: இந்த ரீயூனியனுக்கு அந்தக் கோப்பையைக் கொண்டு வாருங்கள், ஒரு தடவை தூக்கிப் பார்த்துவிட்டுத் தருகிறேன். சூப்பர்வைசர் அண்ணனின் நம்பர் பழைய சைட்காரர் ஒருவரிடமிருந்து போன மாதம் கிடைத்தது. இதை அச்சுக்குக் கொடுக்கும் வரை நான் இன்னும் பேசவில்லை.